பெரிக்கில் இன்னும் வருஷம் பிறக்கவில்லை

மாண்ட்ரோஸ்,
1750 அக்டோபர் 4

பிஷப் பேட்ரிக் டூகிட் அவர்களுக்கு,

நலம் விசாரிக்கும் மனநிலையில் நான் இல்லை. நேரே விஷயத்துக்கு வருகிறேன்.

லீத் துறைமுகத்திலிருந்து வந்த என் கப்பல்காரர் நேற்று ஒரு காகிதக் கட்டைக் கொடுத்தார். உங்கள் வரலாற்று நூலில் இதுவரை அச்சான இருநூற்று நாற்பது பக்கங்கள். மேலே உங்கள் கையெழுத்தில் 'காகிதம் வரவழைத்துத் தந்த எல்ஸ்பெத் மில்னுக்கு, ஆசிரியரின் அன்புடன்.' சந்தோஷமாகத்தான் பிரித்தேன். முப்பது வயதுக்கு மேல் எழுத்துக் கூட்டிப் படிக்கக் கற்றவள் நான்; ஒரு நாளைக்குப் பத்துப் பக்கம் என்று வைத்துக்கொள்ளலாம் என நினைத்தேன். ஆனால் எல்லோரும் செய்கிறதைத்தான் நானும் செய்தேன். மாண்ட்ரோஸ் பற்றி என்ன இருக்கிறது என்று முதலில் தேடினேன்.

பக்கம் 211. 'கில்டூரிப் பிரபு அலெக்சாந்தர் டூகிட், அரசர் பக்கம் நின்றதற்காக வேட்டையாடப்பட்டு, மாண்ட்ரோஸ் ஆற்றுமுகத்தில் ஒரு மீன்குடிசையில் ஒளிந்திருந்தார். 1650 பிப்ரவரி 6 அன்று அவரைக் காட்டிக்கொடுத்தவன் ஆண்ட்ரூ மில்ன் என்ற சால்மன் மீனவன். அதற்கு அவன் பெற்ற கூலி இருபது பீப்பாய் உப்பு.'

பிரபு உங்கள் குடும்பம். ஆண்ட்ரூ மில்ன் என் பாட்டனாரின் அப்பா.

நீங்கள் இங்கே பாதிரியாராக இருந்தபோது உங்கள் சமையற்கட்டுக்குக் கூடை சுமந்து மீன் கொண்டுவந்தவள் நான். எங்களை ஊர் 'உப்பு மில்ன்' என்று கூப்பிடுவது உங்களுக்குத் தெரியும். ஒவ்வொரு பிப்ரவரி ஆறாம் தேதி காலையிலும் எங்கள் வாசற்படியில் ஆளுக்கொரு பிடி உப்பைக் கொட்டிவிட்டுப் பிள்ளைகள் ஓடுவார்கள். "ஏய் உப்பு மில்ன், இன்னைக்குப் பிரபு என்ன விலை?" என்று கத்துவார்கள். என் அம்மா அழுதுகொண்டே பெருக்குவாள். நான் அதை அள்ளி மீனுக்குப் போட்டேன். என் வியாபாரத்தின் முதல் உப்பு அதுதான். உப்பு உப்புதானே?

கல்யாணமானபோது, "இங்கிலீஷ்காரிங்க மாதிரி நீயும் புருஷன் பேரை வச்சுக்கிட்டா என்ன? உப்பு போயிரும்ல" என்றார்கள். நம் நாட்டுப் பெண்கள் யாரும் அப்படிச் செய்வதில்லை, நான் மட்டும் ஏன் செய்ய வேண்டும்? மில்னாகவே இருந்தேன். இன்று இந்தக் கரையில் உப்பு வேண்டுமென்றால் மில்னிடம்தான் வரவேண்டும்.

ஊர்ப்பேச்சு ஒருநாள் அலுத்துப்போகும் என்று நம்பியிருந்தேன். அச்சு அலுக்காது, ஐயா. என் கப்பலில் வந்த ஹாலந்துக் காகிதத்தில் என் வீட்டுப் பெயரை நாறடித்து அன்புடன் வேறு அனுப்பியிருக்கிறீர்கள்.

மீதிக் காகிதம் லீத்தில் என் கிடங்கில் இருக்கிறது. பக்கம் 211 மாறும்வரை அங்கேயே இருக்கும்.

எல்ஸ்பெத் மில்ன்


எடின்பரோ,
1750 அக்டோபர் 12

எல்ஸ்பெத் மில்ன் அம்மையாருக்கு,

உமது கடிதம் கிடைத்தது. அதைப் படித்த அன்று ஞாயிறு வழிபாடு. எங்கள் சபையை ஒடுக்க அரசு இப்போது போட்டிருக்கும் சட்டப்படி, வீட்டாரைத் தவிர நான்கு பேருக்கு மேல் என் முன் கூடக் கூடாது. நால்வர் அறையில், மற்றவர்கள் திறந்த கதவுக்கு அப்பால், என் அண்ணன் ஹியூவின் பெரிய வீட்டின் மற்ற அறைகளில், ஏதோ விருந்துக்கு வந்தவர்களைப்போல். மனத்தாங்கலை வைத்துக்கொண்டு பலிபீடத்தை நெருங்காதே என்ற வாசகம் அன்று வந்தது. நான் நெருங்கினேன். மனத்தாங்கலும் கூடவே வந்தது.

நீர் உம் முன்னோர் அல்லர். உம்மை நான் மதிப்பதில் குறைவில்லை; ஊரறிந்த செய்தி என்பதால் உமக்குப் புதிதாக வலிக்காது என்று எண்ணிவிட்டேன். அது என் பிழை. ஆனால் காகிதத்தைக் காட்டி ஒரு வரியை மாற்றச் சொல்வது தகாது. நேற்று ஒரு மந்திரி மிரட்டினார், இன்று ஒரு வணிகர் மிரட்டுகிறார் என்று மாற்றிக்கொண்டே போனால், எஞ்சுவதற்கு வரலாறு என்று பெயரில்லை.

ஊர்ப்பேச்சை நம்பி நான் எழுதவில்லை. மாண்ட்ரோஸ் சுங்கச்சாவடியின் பழைய பெட்டியில் ஒரு கடிதம் கிடைத்தது. பெரிக் நகரத்து வணிகர் ரால்ஃப் ஃபென்விக், மாண்ட்ரோஸிலிருந்த தம் முகவருக்கு எழுதியது. நானே நகலெடுத்தேன்:

'பெரிக், 1650 பிப்ரவரி 11. சரக்கு, மில்ன் சொன்ன இடத்திலேயே கிடைத்தது. பேசியபடி அவனுக்கு இருபது பீப்பாய் உப்பு அனுப்புகிறேன். இது ஊரில் யாருக்கும் தெரிய வேண்டாம்.'

பிரபு பிடிபட்டது ஆறாம் தேதி. இது ஐந்தாம் நாள் எழுதப்பட்டது. சரக்கு என்பது மறைமொழி. உப்பு, மில்ன், இரகசியம், நாள் எல்லாம் பொருந்துகின்றன. இதற்கு மேல் நான் என்ன செய்ய?

பேட்ரிக் டூகிட்


மாண்ட்ரோஸ்,
1750 அக்டோபர் 20

பிஷப் ஐயாவுக்கு,

காகிதத்தைக் காட்டி மிரட்டியது தப்பு. ஒத்துக்கொள்கிறேன். காகிதம் நாளைக்கே உங்கள் அச்சகத்துக்குப் போகும். இனி பேசப்போவது வேறு.

சரக்கு என்றால் மறைமொழி என்கிறீர்கள். சரக்கு என்றால் சரக்குதான், ஐயா. இருபத்திரண்டு வருஷமாகப் பெரிக் வியாபாரிகளோடு கடிதப் போக்குவரத்து வைத்திருப்பவள் சொல்கிறேன்: அந்த ஆட்களுக்கு மறைமொழி பேசுகிற அளவுக்குக் கற்பனை கிடையாது.

ஆனால் எனக்கு வேறொன்று இடறுகிறது. 1728-ல் முதல்முறை நானே பெரிக்குக்குப் போனேன். பிப்ரவரிக் குளிர். ஒரு மீன் வியாபாரி என் கையில் ஒரு ஒப்பந்தக் கடிதத்தைக் கொடுத்தார். நான் எழுத்துக் கூட்டிப் பார்த்தேன்.

"என்ன ஐயா, போன வருஷத்துக் கடுதாசியை என் தலையில கட்டுறீங்க?"

"போன வருஷமா? மை இன்னும் காயலையேம்மா."

"1727-ன்னு போட்டிருக்கே?"

"ஆமா. 1727தானே நடக்குது."

"எங்க ஊர்ல 1728 பொறந்து ஆறு வாரமாச்சு!"

"உங்க ஊர்ல பொறந்தா பொறந்துட்டுப் போகட்டும். எங்களுக்கு மார்ச் இருபத்தஞ்சு, மாதா திருநாள் வந்தாத்தான் வருஷம் பொறக்கும். இது இங்கிலாந்தும்மா, ஞாபகம் வச்சுக்க."

பக்கத்தில் நின்ற கூலியாட்கள் எல்லாம் சிரித்தார்கள். ஒருவன், "ஸ்காட்லாந்துக்காரி, எல்லாத்துலயும் முந்திக்கிறா" என்றான். அன்றிலிருந்து, ஜனவரி முதல் மார்ச் வரை பெரிக்கிலிருந்து எது வந்தாலும் வருஷத்தில் ஒன்றைக் கூட்டிப் படிப்பது எனக்குப் பழக்கம்.

ஃபென்விக் பெரிக்காரர். பிப்ரவரியில் எழுதுகிறார். 1650 என்று போடுகிறார். நம் கணக்கில் அது 1651. அதாவது பிரபு பிடிபட்டு ஐந்து நாள் அல்ல. ஒரு வருஷமும் ஐந்து நாளும். அந்த வருஷம் நமக்கும் இங்கிலாந்துக்கும் சண்டை நடந்துகொண்டிருந்தது. பெரிக்கோடு வியாபாரமே கூடாது. பின்னே, 'யாருக்கும் தெரிய வேண்டாம்' என்று எழுதாமல் என்ன எழுதுவார்?

என்ன சரக்கு என்று எனக்குத் தெரியாது. ஆற்றுமுகத்து மணல்திட்டில் மூழ்கின படகாக இருக்கலாம். தெரிந்தமாதிரி எழுத நான் சரித்திரக்காரி இல்லை. பகைவனோடு கள்ளவியாபாரம் செய்தார் ஆண்ட்ரூ மில்ன் என்று போடுங்கள், தாராளமாக. எங்கள் குடும்பத்தில் அதற்குப் பஞ்சமில்லை. காட்டிக்கொடுத்தார் என்று போடாதீர்கள்.

நான் சொல்வதை நம்ப வேண்டாம். பெரிக் வியாபாரிகள் கடிதத்தின் தலையில் கிழமையையும் எழுதுவார்கள். நகலில் அதை விட்டுவிட்டீர்களா? அசலைப் பாருங்கள்.

எல்ஸ்பெத் மில்ன்


எடின்பரோ,
1750 நவம்பர் 3

அன்புள்ள எல்ஸ்பெத்,

செவ்வாய்க்கிழமை.

அசலில் இருக்கிறது. நகலெடுக்கையில் தேவையற்றது என்று நான் விட்ட ஒரே சொல் அதுதான்.

திருநாட்களைக் கணிக்கும் அட்டவணையை எடுத்து உட்கார்ந்தேன். நாற்பது வருடத்துக்கு மேல் குருத்துவத்தில் இருப்பவனுக்கு அது கால் நாழிகை வேலை. 1650 பிப்ரவரி 11 திங்கட்கிழமை. 1651 பிப்ரவரி 11 செவ்வாய். நம்ப மனமில்லாமல் மறுமுறையும் போட்டேன். செவ்வாய்தான்.

உமக்கு ஒன்று சொல்ல வேண்டும். இங்கிலாந்தில் வருடம் எப்போது பிறக்கிறது என்பது எனக்குத் தெரியாததல்ல. லண்டன் கடிதம் ஒவ்வொன்றையும் திருத்தியே எழுதியிருக்கிறேன். பெரிக்கைத் திருத்தவில்லை. ஏன் என்று இரண்டு நாள் யோசித்தேன். பெரிக் நம் ஊர் என்று என் மனத்துக்குள் யாரோ இன்னும் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். அதை நாம் இழந்து முந்நூறு வருடம் ஆகப்போகிறது. ஒரு ஸ்காட்லாந்துக்காரன் மட்டுமே செய்யக்கூடிய பிழை இது.

அச்சகத்துக்குப் போனேன். அச்சுக்காரர் இங்லிஸ் உதட்டைப் பிதுக்கினார்.

"கோத்த எழுத்தையெல்லாம் பிரிச்சுப் போட்டாச்சு ஐயா. வேணும்னா அந்த ஒரு ஏட்டை அறுத்துட்டு, புதுசு அடிச்சு ஒட்டலாம்."

"சரி, அப்படியே செய்யுங்கள். மில்ன் பற்றிய வரிகளை எடுத்துவிடலாம்."

"எடுக்குறது சுலபம். எத்தனை வரி?"

"ஒன்பது."

"அப்போ ஒன்பது வரி புதுசா எழுதிக் குடுங்க. ஏற்கெனவே அடிச்ச அடுத்த பக்கத்தோட பொருந்தணும்ல? நடுவுல வெள்ளையா விட்டீங்கன்னா, படிக்கிறவன் மொதல்ல அங்கதான் மூக்கை நுழைப்பான்."

எல்ஸ்பெத், உம்மிடம் மன்னிப்புக் கேட்கிறேன். உம் குடும்பத்திடமும். மில்ன் பெயர் அந்த ஏட்டிலிருந்து போகும். அதற்கு என் வாக்கு. ஆனால் அந்த ஒன்பது வரியில் என்ன எழுதுவது என்பது நீர் நினைப்பதுபோல் எளிதல்ல.

பேட்ரிக் டூகிட்


மாண்ட்ரோஸ்,
1750 நவம்பர் 14

பிஷப் ஐயாவுக்கு,

செவ்வாய்க்கிழமையை ஏழெட்டு முறை படித்தேன். இருபது வருஷத்துக்கு மேலாக எழுதப் படிக்கத் தெரிந்ததற்கு இன்றைக்குத்தான் முழுப் பலன் கிடைத்தது.

மன்னிப்பெல்லாம் கேட்டு என்னைச் சங்கடப்படுத்தாதீர்கள். உங்களுக்கு உப்பிட்ட சால்மன் ஒரு பீப்பாய் அனுப்பியிருக்கிறேன். இதில் மறைமொழி எதுவும் இல்லை, தைரியமாகச் சாப்பிடலாம்.

ஒன்பது வரிக்கா இவ்வளவு யோசனை? அன்று மழையா பனியா என்று எழுதுங்கள். பிரபு எவ்வளவு வீரமாக நடந்துபோனார் என்று எழுதுங்கள். நான் விற்கிற மீன் பற்றிக்கூட எழுதலாம், வேண்டாம் என்று சொல்லமாட்டேன்.

விளையாட்டு இருக்கட்டும். 'நீர் நினைப்பதுபோல் எளிதல்ல' என்ற வரி எனக்குப் பிடிபடவில்லை. சரக்கு கைமாறும்போது விற்கிறவன் அப்படி ஒரு வார்த்தை சொன்னால், பீப்பாயின் அடியைத் திறந்து பார்க்காமல் நான் நகரமாட்டேன். அடியில் என்ன இருக்கிறது, ஐயா?

எல்ஸ்பெத் மில்ன்


எடின்பரோ,
1750 டிசம்பர் 1

அன்புள்ள எல்ஸ்பெத்,

அடியில் இருப்பது ஒரு கடிதம்.

கில்டூரி வீட்டுப் பெட்டியில் அது எப்போதும் இருந்தது. பத்தொன்பது வயதில் முதன்முதலாகப் பார்த்தேன். அன்றைய ஆட்சிக்குழுவின் எழுத்தர், தாமஸ் டூகிட் என்பவருக்கு எழுதியது. 'தாங்கள் அனுப்பிய தகவலின்படி தங்கள் சகோதரர் ஆற்றுமுகத்தில் கைதானார். பேசியபடி கில்டூரி நிலம் பறிமுதல் ஆகாது. தங்கள் பெயருக்கு மாறும்.' தேதி, 1650 பிப்ரவரி 8. எழுதிய இடம் எடின்பரோ. ஒன்றையும் கூட்ட வேண்டாம், கழிக்க வேண்டாம்.

தாமஸ், பிரபுவின் தம்பி. என் கொள்ளுத்தாத்தா. நாங்கள் அனைவரும் அவர் வழி வந்தவர்கள். நான் படித்த பள்ளி, உண்ட உணவு, இப்போது வழிபாடு நடக்கும் இந்த வீடு எல்லாம் அந்த நிலத்திலிருந்து வந்தவை.

அன்று என் தந்தையிடம் அதைக் கொண்டுபோய்க் காட்டினேன். அவர் படித்து, மடித்து, என் கையிலேயே திருப்பித் தந்தார். "பகைவர்கள் நம்மைப் பிரிக்க எழுதிய பொய் இது. உப்பு மில்ன் செய்தது ஊருக்கே தெரியும்" என்றார். நானும் நம்பினேன். நாற்பது வருடம் கழித்து ஃபென்விக் கடிதம் கிடைத்தபோது எனக்கு வந்த மகிழ்ச்சியை எப்படிச் சொல்வேன்! அப்பா சொன்னது சரி என்று ஆவணமே சொல்கிறது. அந்த மகிழ்ச்சியில்தான் கிழமையை விட்டேன். பெரிக் என்ற பழக்கத்தின்மேல் பழியைப் போட்டு சென்ற கடிதத்தில் எழுதினேன். அது பாதி உண்மை. மீதி இது.

இப்போது சொல்லும். அந்த ஒன்பது வரியில் எதை எழுத?

பேட்ரிக்


மாண்ட்ரோஸ்,
1750 டிசம்பர் 12

பிஷப் ஐயாவுக்கு,

உங்கள் கடிதத்தைப் படித்துவிட்டு ஒருநாள் முழுக்கக் கிடங்கில் பீப்பாய்களைத் திரும்பத் திரும்ப எண்ணிக்கொண்டிருந்தேன். வேலையாட்கள் பயந்துபோனார்கள்.

கோபம் வந்தது. இல்லை என்று சொன்னால் பொய். உங்கள் கொள்ளுத்தாத்தா செய்ததற்கு என் அம்மா வாசல் பெருக்கினாள். உப்பைத் தின்றது ஒருத்தர், தண்ணீர் குடித்தது நாங்கள். பிறகு யோசித்தேன். இந்தக் கடிதத்தை நீங்கள் எனக்குக் காட்டியிருக்கவே வேண்டாம். ஒன்பது வரியை மழையால் நிரப்பியிருந்தால் நான் சால்மன் அனுப்பிவிட்டு நிம்மதியாகத் தூங்கியிருப்பேன்.

அதனால் ஒரு வியாபாரிக்குத் தோன்றுகிற வழியைச் சொல்கிறேன். உங்களுக்கு அறுபத்தெட்டு வயது. தலைக்குமேல் இருப்பது அண்ணன் வீட்டுக் கூரை. உங்கள் சபைக்குப் பத்து அறையும் திறந்த கதவுகளும் உள்ள வேறு வீடு அந்த ஊரில் கிடைக்காது. 'பெயர் தெரியாத ஒருவர் காட்டிக்கொடுத்தார்' என்று போடுங்கள். எங்கள் பெயர் ஏட்டிலிருந்து போனால் எனக்குப் போதும். இரண்டு பக்கமும் நஷ்டமில்லை.

இதை எழுதி மடித்த பிறகு திரும்பவும் பிரித்தேன். ஒன்றை மறைத்து விலை பேசியமாதிரி இருந்தது. 'பெயர் தெரியாத ஒருவர்' என்று படித்தால் மாண்ட்ரோஸில் ஒவ்வொருத்தரும் என்ன சொல்வார்கள் தெரியுமா? "பிஷப்புக்கு அவ மீன் குடுத்து வாயை அடைச்சுட்டா." உப்பு மறுபடி எங்கள் வாசலுக்குத்தான் வரும்.

தாமஸ் டூகிட் பெயரைப் போடுங்கள் என்று நான் கேட்கவில்லை. கேட்கமாட்டேன். என்ன நடக்கும் என்பதைச் சொல்லாமல் விட்டால் நான் நல்ல வியாபாரி இல்லை, அவ்வளவுதான்.

எல்ஸ்பெத்


எடின்பரோ, கேனன்கேட் தெரு,
1751 ஜனவரி 22 (பெரிக்கில் இன்னும் 1750)

அன்புள்ள எல்ஸ்பெத்,

முகவரி மாறியிருப்பதைக் கவனித்திருப்பீர்.

புதிய ஏடு அச்சாகிவிட்டது. இத்துடன் இருப்பது முதல் பிரதி. சரியாக ஒன்பது வரி. தாமஸ் டூகிட்டின் பெயர், எழுத்தரின் கடிதம், நிலம் கைமாறியது. ஒன்பதாவது வரி: 'இந்தப் பழியை நூறாண்டு சுமந்த மில்ன் குடும்பத்துக்கு இதில் தொடர்பில்லை, இதை எழுதுபவன் தாமஸின் கொள்ளுப்பேரன்.'

அச்சேறுவதற்கு முன் அண்ணனுக்குக் காட்டினேன். வேறொருவர் சொல்லி அவர் அறியக் கூடாது. ஹியூ கண்ணாடியைப் போட்டு, கழற்றி, மறுபடி போட்டுப் படித்தார்.

"நூறு வருஷத்துக்கு முந்தி செத்தவங்களுக்கு நீ யாரு தீர்ப்புச் சொல்ல?"

"தீர்ப்பு சொல்லல, அண்ணா. முதல்ல ஒருத்தர் மேல தீர்ப்பு எழுதி அச்சே போட்டுட்டேன். அதைத் திருத்துறேன்."

"மீன்காரி மேல எழுதின. அவளுக்குப் பழகிப்போச்சு. கில்டூரியில எனக்கு அஞ்சு பேரப்பிள்ளைங்க இருக்கு, பேட்ரிக்."

"அவளுக்கும் இருக்கு."

"உன்னைப் படிக்க வச்சது இந்த நிலம்."

"தெரியும். படிச்சதனாலதான் அந்தக் கடுதாசியை வாசிக்கத் தெரிஞ்சுது."

அவர் சிரித்திருப்பார் என்று ஒரு கணம் நினைத்தேன். சிறுவயதில் இப்படிப் பேசினால் சிரிப்பார். சிரிக்கவில்லை. "மெழுகுதிரி, புத்தகம் எல்லாத்தையும் எடுத்துட்டுப் போ. கட்டிலை விட்டுட்டுப் போ, அது இந்த வீட்டுது" என்றார்.

இங்கே நான்காம் மாடியில் ஒரே அறை. முதல் ஞாயிறு இருபத்தாறு பேர் வந்தார்கள். நால்வர் உள்ளே, மற்றவர்கள் படிக்கட்டில், தெருவரை. கீழே நிற்பவர்களுக்குக் கேட்கவில்லை என்பதால் ஒவ்வொரு வாசகத்தையும் ஒவ்வொரு மாடியிலும் ஒருவர் திருப்பிச் சொன்னார். வாசலை அடையும்போது அது என்னவாக மாறியிருந்ததோ, யாரறிவார்.

ஹியூவின் நினைவு வருகிறது. நான் செய்தது சரி என்ற நினைப்பு அதைக் குறைக்கவில்லை.

பேட்ரிக்


மாண்ட்ரோஸ்,
1751 பிப்ரவரி 9

பிஷப் ஐயாவுக்கு,

உங்களுக்கு இரண்டு கம்பளிப் போர்வையும் ஒரு கட்டிலும் அனுப்பியிருக்கிறேன். கட்டில் நார்வே மரம். இது எந்த வீட்டுது என்று யாரும் கேட்கமாட்டார்கள்.

ஏடு பிப்ரவரி ஐந்தாம் தேதி கைக்கு வந்தது. மறுநாள் என்ன நாள் என்று உங்களுக்குத் தெரியும். காலையில் மீன்கரைக்கு எடுத்துப் போனேன். கூடைக்காரிகள், படகுக்காரர்கள் என்று நாற்பது பேர் இருந்திருப்பார்கள். பீப்பாய்மேல் ஏறி நின்று ஒன்பது வரியையும் வாசித்தேன். கடைசி வரியை இரண்டு முறை வாசித்தேன். காற்று.

முதலில் பேசியது கிழவி பெல் பேட்டன். சின்ன வயதில் என் வாசலில் உப்புக் கொட்டியவள்.

"அப்போ இத்தனை வருஷமா தப்பான வாசல்லயா போட்டோம்?"

"ஆமா பெல்."

"சே! எவ்வளவு உப்பு வீணாப் போச்சு."

"வீணாப் போகல. அதுல பாதியை உனக்கே மீனாக்கி வித்திருக்கேன்."

எல்லோரும் சிரித்தார்கள். ஐயா, அந்தச் சிரிப்பில் நானும் இருந்தேன். என்னைப் பார்த்துச் சிரிக்காத சிரிப்பு. பிறகு ஒரு படகுக்காரன், "கில்டூரி எவ்வளவு தூரம்?" என்று கேட்டான். "பதினோரு மைல்," என்றான் இன்னொருத்தன். "வண்டி கட்டினா மத்தியானத்துக்குள்ள போயிரலாம். ஒரு மூட்டை உப்பு எடுத்துக்கலாமா, எல்ஸ்பெத்? நூறு வருஷ பாக்கியை ஒரே தடவையில கொட்டிரலாம்!"

கேட்ட நிமிஷம் எனக்கு அது இனித்தது. மறைக்கமாட்டேன்.

"கில்டூரி வாசல்ல ஒரு கல்லு உப்பு விழுந்தாலும், போட்டவன் அடுத்த சீசனுக்கு மீனை மண்ணுல புரட்டி வச்சுக்கட்டும். என் கிடங்குல அவனுக்கு உப்பு கிடையாது" என்றேன்.

"உனக்கென்னடி அவங்க மேல இவ்வளவு கரிசனம்?" என்றாள் பெல்.

"கரிசனம் ஒண்ணும் இல்ல. அங்க அஞ்சு பேரப்பிள்ளைங்க இருக்கு. கதவைத் தொறக்கப்போறது அதுங்கதான்."

வண்டி கட்டவில்லை. முணுமுணுத்தார்கள், கட்டவில்லை. இந்த வருஷம் மட்டும்தான் சொல்ல முடியும். நான் போன பிறகு என்ன செய்வார்களோ.

உங்கள் அண்ணனுக்கு இதை நான் எழுதவில்லை. நீங்களும் எழுத வேண்டாம்.

எல்ஸ்பெத்


எடின்பரோ, கேனன்கேட் தெரு,
1751 மார்ச் 18

அன்புள்ள எல்ஸ்பெத்,

கட்டில் வந்தது. நான்காம் மாடிக்கு ஏற்றிய இருவரும் என் சபையையும் என் முன்னோரையும் சேர்த்துத் திட்டினார்கள்.

இங்லிஸ் நேற்று வந்து, எப்போது நூலை வெளியிடலாம் என்று கேட்டார். இந்த வருடம் இல்லை என்றேன். "ஐயா, ஒரு ஏடு மாத்தினீங்க, சரி. இன்னும் என்ன?" என்றார்.

இன்னும் இருக்கிறது. கட்டில் வந்த நாளிலிருந்து, இங்கிலாந்து எல்லை ஊர்களிலிருந்து ஜனவரி முதல் மார்ச் வரை எழுதப்பட்ட கடிதங்கள் அனைத்தையும் எடுத்துக் கிழமையோடு சரிபார்த்து வருகிறேன். பெரிக் மட்டுமல்ல, கார்லைலையும் நம் ஊராகவே எண்ணியிருக்கிறேன். பதினோரு பிழைகள். எட்டில் நாள் மாறுகிறது, யாருக்கும் நட்டமில்லை. மூன்றில் மனிதர்கள் இருக்கிறார்கள்.

கிர்க்கால்டியில் கிரிசல் வீமிஸ் என்ற விதவை. பொய்ச்சாட்சி சொன்னவள் என்று எழுதியிருக்கிறேன். நாளைத் திருத்தினால் அவள் சொன்னது மெய்யாகிறது. ஐமவுத்தில் நினியன் ஹூட் என்ற படகோட்டி. கோயில் வெள்ளியைத் திருடியவன் என்று என் நூலில் இருக்கிறான். வெள்ளி காணாமற்போனபோது அவன் கடலில் மூழ்கிப் பத்து மாதம் ஆகியிருந்தது. மூன்றாவது, லின்லித்கோவில் ஒரு பாதிரியார் வீட்டுச் சமையற்காரி. எசமானருக்கு நஞ்சிட்டதாகப் பேச்சு என்று எழுதினேன். நாளைத் திருத்தினால், அவர் இறந்தது அவள் அந்த வீட்டை விட்டுப் போய்ப் பல மாதம் கழித்து. அவளுக்குப் பெயர்கூடப் போடவில்லை. 'அந்தப் பெண்' என்று மட்டும்.

ஆண்ட்ரூ மில்னுக்காக நீர் எழுதினீர். உமக்குக் கோபம் இருந்தது, கப்பல் இருந்தது, பெரிக்கில் இருபத்திரண்டு வருடப் பழக்கம் இருந்தது. இந்த மூவருக்காக எனக்கு யாரும் கடிதம் எழுதப்போவதில்லை. இது என்னை உறுத்துகிறது.

ஏடுகளை மாற்றிவிடுவேன். ஆனால் அவர்கள் வழியில் யாராவது இருந்தால், நூல் போய்ச் சேரும் முன் அவர்களிடம் சொல்ல வேண்டும். நான் படியிறங்கினாலே மூச்சு வாங்குகிறது. உம்மிடம் கேட்க எனக்கு உரிமையில்லை. இருந்தும் கேட்கிறேன்.

பேட்ரிக்


மாண்ட்ரோஸ்,
1751 மே 6

பிஷப் ஐயாவுக்கு,

கேட்பதற்கு உரிமை எதற்கு? கேட்டால் போதும்.

ஐமவுத்துக்கு என் கப்பல் மாதத்தில் இரண்டு முறை போகிறது. நினியன் ஹூட் வழியில் இரண்டு பையன்கள், இரட்டையர், நண்டு பிடிக்கிறார்கள். என் கப்பல்காரர் போய் விஷயத்தைச் சொல்லியிருக்கிறார்.

"எங்க தாத்தாவுக்குத் தாத்தா திருடன்னு யாரு சொன்னது?"

"ஒரு பிஷப் எழுதிட்டார். இப்போ இல்லைன்னு மாத்தி எழுதுறார்."

"எங்களுக்கு அவரு திருடன்னே தெரியாதே. இப்போ சொல்லித்தான் இல்லைன்னு தெரியுது."

ஆகவே அங்கே லாபமும் இல்லை, நஷ்டமும் இல்லை. ஆனால் கப்பல்காரர் கிளம்பும்போது ஒருவன் பின்னாலேயே ஓடிவந்து, "அவரு கடல்லதான் செத்தாருன்னு எழுதுவாங்கல்ல?" என்று கேட்டானாம். எழுதுங்கள்.

கிர்க்கால்டியில் வீமிஸ் என்ற பெயரில் அரை ஊர் இருக்கிறது. கிரிசல் என்று ஒரு முன்னோர் உண்டா என்று என் உப்புத் தரகர் கடை கடையாக விசாரிக்கிறார். ஆட்கள் சந்தேகப்பட்டு, சொத்து ஏதாவது வருகிறதா என்று கேட்கிறார்களாம். நேரமாகும்.

லின்லித்கோவுக்குக் கடல் இல்லை, அதனால் எனக்கு அங்கே ஆளும் இல்லை. நானே போய்வந்தேன். பாதிரியார் வீட்டில் இப்போது ஒரு தோல் பதனிடுகிறவர் இருக்கிறார். கோயில் பதிவேட்டைப் பார்க்க விட்டார்கள். அவள் இருந்த வருஷம் அந்த வீட்டில் சம்பளத்துக்கு இருந்தவர்கள் மூன்று பேர். குதிரைக்காரனுக்குப் பெயர் இருக்கிறது. தோட்டக்காரனுக்குப் பெயர் இருக்கிறது. மூன்றாவது இடத்தில் 'சமையற்காரி' என்று போட்டிருக்கிறது. உங்களுக்கு முன்னாலேயே அவளைப் பெயர் கேட்காமல் விட்டிருக்கிறார்கள்.

இரண்டு நாள் அங்கே தங்கி, வயதானவர்கள் எல்லோரையும் கேட்டேன். நஞ்சு வைத்த கதை எல்லோருக்கும் தெரிகிறது. பெயர் ஒருவருக்கும் தெரியவில்லை.

அதனால் உங்கள் ஏட்டில் ஏதாவது ஒரு பெயரைப் போட்டு ஒப்பேற்ற வேண்டாம். பெயர் தெரியவில்லை என்றும் போட வேண்டாம். யாரோ தேடித் தேடிக் களைத்தமாதிரி இருக்கும். அவள் நஞ்சு வைக்கவில்லை என்று எழுதுங்கள். அடுத்த வரியில், அவள் பெயரை யாரும் கேட்டு வைக்கவில்லை என்று எழுதுங்கள்.

எல்ஸ்பெத் மில்ன்